மிச்சத்தையும் வாசி

மாங்குளம் ஸ்டேசனுக்குப் பின்னால்
சூடடித்து முடிந்த வயலில் கூடாரம்.
இரண்டு பாலை மரங்களுக்கு நடுவே வெள்ளைத் துணி.
இந்தப் பக்கம் கதிரை.
அந்தப் பக்கம் தரை.
தரைக்காரர் காசு கொடுக்க வேண்டாம்.
குளத்தில் தண்ணீர் அள்ளிவந்து
துணியை நனைத்தால் போதும்.
ஈரத்தில்தான் வெளிச்சம் ஊடுருவும்,
பின்னால் குந்தியிருப்பவனுக்கும் படம் தெரியும்,
இடம் வலமாக.

நான் கைபிடி சுற்றுபவன்.
நொடிக்குப் பதினாறு படம் என்று
முதலாளி என் மணிக்கட்டுக்குப் பழக்கியிருந்தார்.
கூடினால் அரசர்கள் கோழிகள்போல் ஓடுவார்கள்.
நின்றால் சுருள் பற்றிக்கொள்ளும்.

பம்பாய்ப் படம். ஏதோ ஒரு கோட்டை, ஏதோ ஒரு நூற்றாண்டு.
அரசன் குதிரை ஏற ஒருவன் குனிகிறான்.
மழையில் குனிகிறான்.
தன் கலியாணத்தன்று, மாலை கழுத்தில் தொங்க,
பந்தலை விட்டு ஓடிவந்து குனிகிறான்.
திரைக்குப் பக்கத்தில் நின்று
சவிரியான் எல்லாவற்றுக்கும் குரல் கொடுத்தார்,
குதிரைக்கும்கூட.
முன் கதிரையில் உடையார்,
வெற்றிலைத் தட்டோடு.

மூன்றாவது ரீலில்
அரசன் காலைத் தூக்குகிறான்.
குனிந்திருந்தவன் நிமிர்ந்துவிட்டான்.
கால் அந்தரத்தில் நிற்கிறது,
எங்கே வைப்பதென்று தெரியாமல்.
அவன் உதடுகள் அசைகின்றன. வெகுநேரம்.
பிறகு கறுப்பில் வெள்ளையாய் எழுத்துகள்.
எங்களுக்கு நேராக, அவர்களுக்குப் புறமாக,
இரு பக்கமும் எவருக்கும் விளங்காத எழுத்து.

உடையார் சவிரியானைப் பார்த்தார்.
சவிரியான் தொண்டையைச் செருமினார்.
"பிழை பொறுக்க வேணும் பிரபு எண்டு சொல்லுறான்."

துணிக்குப் பின்னாலிருந்து ஒரு குரல்
எண்ணத் தொடங்கியது.
"லாபம், ரெண்டு, மூண்டு, நாலு…"
களத்தில் பொலி அளக்கிறவனின் எண்ணிக்கை.
ஒன்றை ஒன்று என்று சொல்லமாட்டார்கள் அங்கே,
லாபம் என்பார்கள்,
அது எவர் வீட்டுக்குப் போனாலும்.
"…ஏழு. ஏழு வரி கிடக்கு ஐயா.
நாலு சொல்லுத்தானே வந்தது?
மிச்சத்தையும் வாசியுங்கோ."

நன்னியன். மாலையில் பதினெட்டு வாளி சுமந்தவன்.

"கெதியாச் சுத்தடா" என்றார் உடையார்.
நிறுத்தினால் பற்றும். சுற்றினால் போய்விடும்.
என் கை பின்பக்கமாகத் திரும்பியது.
முதலாளி சொல்லித்தராத பக்கம்.
எழுத்துகள் மறைந்தன, உதடுகள் வார்த்தைகளை விழுங்கின,
நிமிர்ந்தவன்
மெல்ல, மிக மெல்ல, மறுபடி குனிந்தான்.
இதை நான் யோசித்திருக்கவில்லை.
அந்த ஏழு வரியை மீட்க
அவனை நானே குனிய வைக்க வேண்டியிருந்தது.
பின்னால் ஒரு பெண் "ஐயோ" என்றாள்.
அவசரமாக முன்னே சுற்றினேன்.
நிமிர்ந்தான். கால் தொங்கியது. ஏழு வரி.

சவிரியான் தோள் சால்வையால் முகம் துடைத்தார்.
"எனக்கு இந்த எழுத்துத் தெரியாது" என்றார்,
குதிரைக்கும் அரசனுக்கும் கொடுக்காத,
தன் சொந்தக் குரலில்.

பிறகு துணிக்கு அந்தப் பக்கம்
நன்னியன் வாசித்தான். புறமாகக் கிடந்த எழுத்தை,
வரிக்கு ஒரு மூச்சாக.
இயந்திரத்தின் கடகடப்பில் எனக்குக் கேட்கவில்லை.
முன்வரிசைக்குக் கேட்டிருக்கும்.
உடையாரின் வெற்றிலை வாய்க்குப் போகும் வழியில்
அப்படியே நின்றது.

மறுநாள் தண்ணீர் சுமக்க எவரும் வரவில்லை.
காய்ந்த துணியில் படம் ஓட்டினோம்.
இந்தப் பக்கம் பளிச்சென்று இருந்தது.
அந்தப் பக்கம் வெறும் இருட்டும் தவளைச் சத்தமும்.
செவ்வாய்க்கிழமை ரயிலில் பெட்டிகளை ஏற்றினோம்.
நன்னியனுக்கு அந்தப் போகத்தில்
எத்தனை மரக்கால் அளந்து போட்டார்கள்,
போட்டார்களா என்பதும் தெரியாது.

பேசும் படங்கள் வந்து என் வேலை போயிற்று.
அதில் எல்லோரும் ஓயாமல் பேசுகிறார்கள்.
எவராவது வாய் மூடி எதிரே நிற்கும் காட்சி வந்தால்
இருட்டில் என் மணிக்கட்டு தானாக அசையும்.
லாபம், ரெண்டு, மூண்டு.